நிபுணர் யாரும் தேவையில்லை

1

"எப்பக்கா ஊருக்கே வரப்போறே?"

கோயம்புத்தூரிலிருந்து தம்பி ஒவ்வொரு முறையும் இதைக் கேட்டுவிட்டுத்தான் போனை வைப்பான். தீபாவளிக்கு வந்து போவதைப் பற்றியல்ல, ஒரேயடியாகப் பெட்டி கட்டிக்கொண்டு வருவதைப் பற்றிக் கேட்கிறான். நானும் இங்கே மலேசியாவில், பாசார் என்கிற கிள்ளான் சந்தையில் மீன் விற்கிற விலையைச் சொல்லி நழுவிவிடுவேன். இந்த ஐப்பசியில் நழுவ முடியவில்லை. ஒரே வாரத்தில் இரண்டு செய்திகள் வந்து சேர்ந்தன.

முதலாவது, என் வேலை பெர்மிட் முடியப் போகிறது. இரண்டு வருடத்துக்கு ஒருமுறை முடியும், முதலாளி கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால் மறுபடி கிடைக்கும். இத்தனை காலம் இங்கே இருந்தும் ஒவ்வொரு தடவையும் நான் புதிதாக வந்து இறங்கியவள்தான். என் மகள் மது பிறந்தது இங்கே, படித்தது இங்கே, இப்போது ஷா ஆலத்தில் கல்லூரியில் இரண்டாம் வருடம். அவளுடைய பெர்மிட் என்னுடையதன் மேல்தான் தொங்குகிறது. என்னுடையது போனால் அவளுடையதும் போகும். அவளுடைய அப்பா எங்களை விட்டுப் போய் வெகுகாலம் ஆகிறது. அந்தக் கதை இங்கே வேண்டாம்.

இரண்டாவது, கிள்ளான் பக்கம் மேருவில் நான் வேலை பார்க்கும் குளிர்பதனக் கிடங்கில் மெயின் ஸ்விட்ச்போர்டு கருகிய வாடை அடிக்கிறது, உடனே மாற்றியாக வேண்டும், ஞாயிறு காலை ஒன்பது மணிக்கு மொத்த கரண்டையும் நிறுத்தப் போகிறார்கள். ஜெனரேட்டர் கம்பியும் அதே போர்டு வழியாகத்தான் வருகிறது என்பதால் அதுவும் கிடையாது. கதவுகளைத் திறக்காமலிருந்தால் ஆட்டிறைச்சியும் ஐஸ்கிரீமும் சில மணி நேரம் தாங்கிவிடும். எனக்குக் கவலை அதுவல்ல. லாரி ஏற்றும் மேடைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன அறையில் பல வருடமாக அணைக்கப்படாமல் ஓடிக்கொண்டிருக்கும் ஒரு பழைய கம்ப்யூட்டர்தான் கவலை. எந்தப் பெட்டி எந்த அறையில், எந்த வரிசையில், யாருக்குப் போகவேண்டியது என்பதெல்லாம் அதற்குத்தான் தெரியும். அது நின்றால் மறுபடி எழுந்திருக்குமா என்பது யாருக்கும் தெரியாது.

அந்தக் கம்ப்யூட்டரைப் பார்த்துக்கொள்ளத்தான் எனக்கு இந்த நாட்டில் பெர்மிட்.

2

ஊரில் இருப்பவர்களுக்கு இந்த இயந்திரத்தின் பூர்வீகத்தைச் சொல்லவேண்டும். அது என் பூர்வீகமும்தான்.

தொண்ணூறுகளின் கடைசியில் கோயம்புத்தூர் கிராஸ்கட் ரோட்டில் ஒரு கம்ப்யூட்டர் சென்டரில் வேலை பார்த்தேன். கம்ப்யூட்டரை ஓட்டும் அடிப்படை மென்பொருள், லினக்ஸ் என்று ஒன்று, இலவசமாகக் கிடைக்கிறது என்று கேள்விப்பட்டோம். இலவசம் சரி, அதை எப்படி வாங்குவது? டெலிபோன் கம்பி வழியாக இறக்கினால் வாரக்கணக்காகும், அதற்குள் பில் கட்டியே ஓட்டாண்டி ஆகிவிடுவோம். ஒரு பத்திரிகையோடு இனாமாக வந்த சிடியைப் போட்டுப் பார்த்தேன். திரைக்கு வேண்டிய எண்களைத் தப்பாகக் கொடுத்தால் மானிட்டரே புகைந்துவிடும் என்று அதுவே எச்சரித்தது. சென்டர்காரர் என் பின்னால் நின்றுகொண்டு, "அம்மிணி, மானிட்டரு போச்சுன்னா சம்பளத்துல புடிச்சிருவேன்" என்றார். கை நடுங்க எண்களைப் போட்டேன். திரை எழுந்தது. அன்றைக்குப் பிடித்த பைத்தியம்.

அப்படிக் கை நடுங்கியவர்களை நம்பித்தான் உலகமெங்கும் கம்பெனிகள் கிளம்பின. அமெரிக்காவிலும் ஜெர்மனியிலும் பிரான்சிலும் இலவச லினக்ஸை அட்டைப்பெட்டியில் போட்டு விற்றார்கள். உள்ளே சிடி, பிளாப்பி, தலையணை தடிமனுக்கு ஒரு கையேடு, சிக்கல் வந்தால் போன் செய்து கேட்கும் உரிமை. ஜெர்மன்காரர்களின் கையேடு அத்தனை திருத்தமாக இருக்கும். விலை கொடுத்தது சரக்குக்கு அல்ல, தைரியத்துக்கு.

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் பூக்கடைகளுக்கு மேல் மாடியில் செல்வா என்பவரும் அப்படி ஒரு கம்பெனி நடத்தினார். அவர் இந்த நாட்டுத் தமிழர், ரயில்வே குவார்ட்டர்ஸில் வளர்ந்தவர். அவருடைய லினக்ஸுக்கு மலாயில் தேனீ என்று பெயர்: லெபா. மஞ்சள் பெட்டி, மேலே ஒரு தேனீப் படம். கையேடு எழுத ஆள் தேடியபோது நான் இணையத்தில் ஒரு குழுவில் எழுதிய விளக்கங்களைப் பார்த்து என்னை வரவழைத்தார். ஆங்கிலத்திலும் தமிழிலும் நான் எழுதினேன், மலாய்க்கு வேறு ஆள். முதல் பக்கத்தின் முதல் வரி என்னுடையது: "இதை நிறுவ நிபுணர் யாரும் தேவையில்லை."

அந்த வரியை நம்பிப் பெட்டி வாங்கியவர்கள் எல்லாரும் மறுநாளே நிபுணரைத் தேடிப் போன் செய்தார்கள். போனை எடுத்தவளும் நான்தான்.

3

செல்வா ஒரு வழக்கம் வைத்திருந்தார். அந்தக் காலத்து லினக்ஸில், இயந்திரம் எத்தனை நாளாக அணையாமல் ஓடுகிறது என்று ஒரு கணக்கு காட்டும். சுமார் ஐந்நூறு நாளைத் தொட்டால் எண்ணுவதற்கு இடம் போதாமல் மறுபடி பூஜ்யத்துக்கு வந்துவிடும். எந்த வாடிக்கையாளரின் இயந்திரம் அப்படி ஒரு சுற்று முடித்தாலும் அவர் வீடு தேடிப் போய் ஒரு பெட்டி லட்டு கொடுத்துவிட்டு வருவார். கிள்ளானிலும் ஜெஞ்சாரோமிலும் இதற்காகவே கம்ப்யூட்டரை அணைக்காதவர்கள் இருந்தார்கள். மேருவில் கிடங்கு நடத்திய முத்துசாமி முதலாளி அவர்களுக்கெல்லாம் ராஜா. ஆயுத பூஜைக்கு மற்ற இயந்திரங்களை எல்லாம் நிறுத்திக் கழுவி மாலை போடுவார். லெபா ஓடும் அந்தக் கம்ப்யூட்டருக்கு மட்டும் நிறுத்தாமலே பொட்டு. "அணைக்காதே" என்று மலாய், தமிழ், சீனம் மூன்றிலும் எழுதி சுவிட்சின் மேல் ஒட்டியிருந்தார். மது பள்ளிக்கூடத்தில் சேர்ந்த வருடம் ஹார்ட் டிஸ்க் மாற்ற ஒருமுறை நிறுத்தினோம். அதற்குப் பிறகு நிறுத்தவே இல்லை.

எங்கள் தொழில்காரர்களின் பைத்தியம் இது. அணையாமல் ஓடுவதை ஒரு பெருமையாக வைத்துக்கொண்டோம். அணையாத இயந்திரத்தில் நீங்கள் செய்யும் மாற்றமெல்லாம் அதன் நினைவிலேயே இருந்துவிடுகிறது. அது மறுபடி எழும்போது என்ன செய்யவேண்டும் என்று எங்கேயும் எழுதி வைக்கத் தோன்றுவதில்லை, அதுதான் படுக்கப் போவதே இல்லையே.

படுத்தது கம்பெனிதான். லினக்ஸ் கம்பெனிகளின் பங்குகள் முதல் நாளிலேயே வானத்துக்குப் போன கூத்தையும் பார்த்தோம், சீக்கிரமே தரைக்கு வந்ததையும் பார்த்தோம். பெரிய கம்பெனி ஒன்று பெட்டி விற்பதையே விட்டுவிட்டு, வருடச் சந்தாவுக்குப் பெரிய நிறுவனங்களை மட்டும் பார்க்கத் தொடங்கியது. சிறியவை சில ஒன்றுசேர்ந்து ஒரே அடித்தளம் போடுவோம் என்று கைகோத்தன, கோத்த கை சீக்கிரம் விட்டுப்போனது. லினக்ஸ் விற்றுப் பெயரெடுத்த கம்பெனி ஒன்றின் வாரிசே, லினக்ஸுக்குள் தன் சொத்து இருக்கிறது என்று நீதிமன்றம் போனது. வழக்கு வருடக்கணக்கில் இழுத்தது. எங்கள் வாடிக்கையாளர்களுக்கு அது போதும், "நாளைக்கு என்னையும் கோர்ட்டுக்கு இழுப்பானா லா?" என்று இந்த ஊர் 'லா'வோடு கேட்டுக்கொண்டே ஒவ்வொருவராக நழுவினார்கள். செல்வா கடையைச் சாத்தினார். முத்துசாமி முதலாளி என்னைத் தன் கிடங்குக்கே வேலைக்கு எடுத்துக்கொண்டார்.

அவர் போன வருடம் காலமாகிவிட்டார். இப்போது அவருடைய மகள் கவிதா நடத்துகிறார். முப்பது வயதுகூட இருக்காது, என்னை அக்கா என்பார். நல்ல மாதிரி, ஆனால் அப்பாவைப் போல இயந்திரத்துக்குப் பொட்டு வைக்கிற ஆள் இல்லை.

4

"அந்த மெஷின் இருக்குற வரைக்கும் நீங்க இருக்கணும் அக்கா," என்று கவிதா ஒருநாள் பாசமாகத்தான் சொன்னார். அந்த வாரம் முழுக்க எனக்கு அது வேறு மாதிரிக் கேட்டுக்கொண்டே இருந்தது.

பழையது செத்துப்போனால் எனக்கு வேலை இல்லை. எல்லாவற்றையும் புது இயந்திரத்துக்கு ஒழுங்காக மாற்றிக் கொடுத்தாலும் எனக்கு வேலை இல்லை, புதியதை யார் வேண்டுமானாலும் பார்த்துக்கொள்ளலாம். பெர்மிட் விண்ணப்பத்தில் ஒரு கட்டம் உண்டு: இந்த வேலையை உள்ளூர்க்காரர் ஒருவர் ஏன் செய்ய முடியாது? முத்துசாமி முதலாளி அதில் எப்போதும் ஒரே பதில்தான் எழுதுவார்: இந்த இயந்திரம் இவருக்கு மட்டும்தான் தெரியும். அது இத்தனை காலம் உண்மையாகவும் இருந்தது.

ஆனாலும் மாற்றித்தான் ஆகவேண்டும். அடுத்த வாரம் தீபாவளி. கிள்ளான் வட்டாரத்து இறைச்சிக் கடைகளில் பாதிக்கு வேண்டிய ஆடு எங்கள் அறைகளில்தான் கிடக்கிறது. வெள்ளிக்கிழமை வரை உட்கார்ந்து பழையதன் நினைவில் இருந்ததையெல்லாம் ஒவ்வொன்றாகக் கேட்டு வாங்கி, புதிதாக வாங்கி வைத்த இயந்திரத்தில் எழுதினேன். சரக்குக் கணக்கு தினமும் நகலெடுப்பதுதான், அது பத்திரம். பிரிண்டர்கள், கதவு அலாரங்கள், குளிர் அளவு காட்டும் கருவிகள் எல்லாம் புதியதோடு பேசின. எல்லாவற்றையும் எப்படிச் செய்வது என்று தமிழிலும் ஆங்கிலத்திலும் ஒரு கையேடும் எழுதத் தொடங்கினேன். மது மலாயில் மொழிபெயர்த்தாள்.

"மா, நீங்க ரொம்ப டீடெய்லா எழுதுறீங்க," என்றாள். "இத படிச்சா நானே செஞ்சிருவேன்."

"அதுக்குத்தானே எழுதறேன்."

அவள் தட்டுவதை நிறுத்தினாள். "பெர்மிட் கெடைக்கலன்னா நீங்க வீட்டுக்குப் போயிருவீங்களா?"

"எந்த வீட்டுக்கு?"

"இந்தியா வீடு லா."

நீங்க என்றாள், நாம என்று சொல்லவில்லை. ஊரைப் பற்றி அவளுக்குத் தெரிந்ததெல்லாம் மாமாவின் போன் மட்டும்தான். அடுத்த பக்கத்தை அவளிடம் நீட்டினேன்.

5

ஞாயிறு காலை மதுவையும் கூட்டிக்கொண்டு எட்டு மணிக்கெல்லாம் கிடங்கில் இருந்தேன். எலெக்ட்ரீஷியன் சிவா போர்டுக்குப் பக்கத்தில் கையுறையோடு நின்றார்.

"அக்கா, ஒம்போதுக்கு டான்னு இறக்கிருவேன். கரண்ட் ஆபீஸ் இன்ஸ்பெக்டர் வந்து நிக்கிறாரு. லேட் பண்ண முடியாது லா."

கடைசியாகப் புதியதில் தராசைச் சோதித்தேன். போர்க்லிப்ட் வண்டி பலகையோடு சரக்கைத் தராசில் வைக்கும், எடை கம்ப்யூட்டருக்கு வரும், லேபிள் அச்சாகும். லேபிள் இல்லாமல் ஒரு லாரியும் வாசலைத் தாண்டாது. புதியதில் எடை பூஜ்யம் என்றே வந்தது. பழையதில் சரியாக வந்தது. தராசோடு பேசுவதற்கு ஒரு குட்டிப் புரோகிராம் இருக்கவேண்டும். டிஸ்க் முழுக்கத் தேடினேன். இல்லை.

செல்வாவுக்குப் போன் அடித்தேன். பிரிக்பீல்ட்ஸில் மகன் வீட்டில் இருக்கிறார்.

"தராசா?" என்றார். "புது தராசு வந்தப்ப நான் வந்து எழுதிக் குடுத்தேனே. ஐயோ... அப்புறம் ஒரு தடவ டிஸ்க் நெறஞ்சிருச்சுன்னு வந்து கிளீன் பண்ணேன். அதுல போயிருக்கும்மா."

"இங்க ஓடிட்டிருக்கே அண்ணே!"

இருவருக்கும் ஒரே நேரத்தில் விளங்கியது. லினக்ஸில் ஓடிக்கொண்டிருக்கும் புரோகிராமின் கோப்பை நீங்கள் அழித்தாலும், அது ஓடும் வரைக்கும் சாவதில்லை. பெயர் போய்விடும், முகவரி போய்விடும், உயிர் மட்டும் இருக்கும். அணைத்துவிட்டு எழுப்புகிறவர்கள் என்றால் இந்தத் தப்பை மறுநாளே கண்டுபிடித்திருப்பார்கள். நாங்கள் லட்டு சாப்பிட்டவர்கள்.

"மெஷின தொடாத," என்றார் செல்வா. குரலில் பழைய செல்வா. "ஓடுற புரோகிராம் லிஸ்ட்ட எடு. ஒண்ணொண்ணா பாரு. என் ஆளு எதுன்னு பேர் இருக்காது, சைஸ் சின்னதா இருக்கும்."

சின்னதாக நிறைய இருந்தன. ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தேன். கவிதா கதவருகே நின்று என்னையும் கடிகாரத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார். வெளியே சிவா குரல் கொடுத்தார். "அக்கா, இறக்குறேன்!"

"சிவா, அஞ்சு நிமிஷம்!" என்று கவிதா கத்தினார்.

இன்ஸ்பெக்டர் முடியாது என்று தலையை ஆட்டியிருக்கவேண்டும். விளக்கு அணைந்தது. குளிர்ப்பெட்டி மோட்டார்களின் இரைச்சல் ஒவ்வொன்றாக அடங்கியது. அந்தக் கிடங்கு அத்தனை அமைதியாக இருந்து நான் கேட்டதே இல்லை. கரண்ட் போனால் பழையதைத் தாங்கும் யூபிஎஸ் மட்டும் கீச் கீச்சென்று கத்தத் தொடங்கியது. அதன் பேட்டரி பத்து நிமிடம் தாங்கினால் அதிகம். கம்ப்யூட்டர்களை ஒன்றோடொன்று இணைக்கும் நெட்வொர்க் பெட்டி அணைந்துவிட்டது, அதை யூபிஎஸ்ஸில் மாட்ட ஒருவருக்கும் தோன்றவில்லை. புது இயந்திரமும் படுத்துவிட்டது.

"மது, என் பையில நீலக் கேபிள்!"

அவள் என் லேப்டாப்பையும் பழையதையும் நேராகக் கோத்துவிட்டுப் போன் வெளிச்சத்தை என் விரல் மேல் பிடித்தாள். அப்போதுதான் கண்ணில் பட்டது. ஓரத்தில் "அழிக்கப்பட்டது" என்று எழுதியிருந்த ஒரு குட்டிப் புரோகிராம். அதற்குள் தராசின் பெயர்.

காதில் செல்வா, "கெடச்சிருச்சா? எடுத்துக்க," என்றார். பிறகு குரலைத் தாழ்த்தினார். "நான் ஒண்ணு சொல்றேன் கேளு. இத உன் கைலயே வச்சுக்க. வேணும்னா கேக்கட்டும். நான் எல்லாத்தையும் குடுத்துட்டு என்ன ஆனேன்னு பாத்தல்ல? எல்லாம் குடுத்துட்டா உன்ன எதுக்கு வச்சிருப்பாங்க?"

நகலெடுத்தேன், ஒருமுறைக்கு இருமுறை சரிபார்த்தேன். அசலும் நகலும் ஒன்றே. யூபிஎஸ் நீளமாக ஒரு சத்தம் போட்டது. பழைய திரை இருண்டது. உள்ளே சுற்றிக்கொண்டிருந்த டிஸ்க் மெல்ல இறங்கி நின்றது எங்கள் எல்லாருக்கும் கேட்டது.

6

கரண்ட் வரும்வரை கிடங்கின் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்திருந்தேன். லேப்டாப்பில் அந்தக் குட்டிப் புரோகிராம். செல்வா கெட்டவர் அல்ல, என்மேல் அக்கறையால் சொன்னார். அவர் சொன்னதில் தப்பும் இல்லை. லினக்ஸ் விற்ற கம்பெனிகள் எல்லாம் கண்டுகொண்ட உண்மை அதுதான்: பொருளைக் கொடுத்துவிடு, அதைப் பார்த்துக்கொள்கிற கையை மட்டும் விற்றுக்கொள். மதுவின் பட்டம் முடியும்வரை ஒரு கையை மறைத்து வைத்துக்கொண்டால் என்ன? கேட்டவர் யாருமில்லை, யாருக்கும் தெரியப்போவதும் இல்லை. எனக்கு அழுகை வந்தது, அடக்கிக்கொண்டேன்.

எதிரே மது ரொட்டி சானாயைப் பிய்த்துக்கொண்டே கையேட்டின் பக்கங்களை வரிசைப்படுத்திக்கொண்டிருந்தாள். "மா, தராசு பக்கம் மட்டும் காலியா இருக்கு," என்றாள்.

நான் எழுதினேன். எங்கே இருந்தது, எப்படி எடுத்தோம், எங்கே வைக்கவேண்டும், எப்படி ஓட்டவேண்டும், எல்லாம்.

பிற்பகலில் கரண்ட் வந்தது. பழையதன் சுவிட்சை ஒருமுறை தட்டிப் பார்த்தேன். டிஸ்க் டக், டக் என்றது, சுற்றவில்லை. கவிதா அதன் மேல் கை வைத்து, "அப்பா இருந்தா அழுதிருப்பாரு," என்றார். புதியது எழுந்தது. போர்க்லிப்ட் ஓட்டுகிறவர் ஆட்டிறைச்சி ஒரு பலகை கொண்டுவந்து தராசில் வைத்தார். எடை வந்தது. லேபிள் வந்தது. முதல் லாரி பிரிக்பீல்ட்ஸ் கடைகளுக்குக் கிளம்பியது. கவிதா என் கையைப் பிடித்துக்கொண்டார், வெகுநேரம் விடவில்லை.

7

மறுநாள் கவிதா என்னைக் கூப்பிட்டார். திரையில் பெர்மிட் விண்ணப்பம். அந்தக் கட்டத்தில் குறி மின்னிக்கொண்டிருந்தது. அப்பா எழுதிய பழைய பதிலை அழித்துவிட்டிருந்தார், இனிமேல் அது பொய்.

"இங்க என்ன எழுதறது அக்கா? எனக்குத் தெரியல. நீங்களே எழுதுங்களேன்."

விசைப்பலகையை என் பக்கம் திருப்பினார். எனக்கு அந்த மஞ்சள் பெட்டியின் முதல் பக்கம் நினைவுக்கு வந்தது. நிபுணர் யாரும் தேவையில்லை என்று எழுதிய கை, நிபுணர் தேவை என்று எழுதினால்தான் இந்த நாட்டில் இருக்கலாம். எழுதலாம்தான். மேசையில் கையேடு கிடந்தது, மூன்று மொழியில், தராசுப் பக்கம் உட்பட. அதைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு என்னால் முடியவில்லை. எனக்குத் தெரிந்த ஓட்டை மலாயில் உண்மையைத் தட்டினேன்: இந்த வேலையை இனி யார் வேண்டுமானாலும் செய்யலாம், எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

கவிதா படித்தார். "இத அனுப்புனா கண்டிப்பா ரிஜெக்ட் லா, அக்கா."

"தெரியும்மா."

அவர் கையேட்டை எடுத்துப் புரட்டினார். பிறகு விசைப்பலகையைத் தன் பக்கம் இழுத்து, நான் தட்டியதை அழித்துவிட்டு ஒரே ஒரு வரி தட்டினார். இந்த வேலையை யார் வேண்டுமானாலும் செய்யலாம் என்று ஆக்கியவர் இவர், அடுத்த வேலைக்கும் எங்களுக்கு இவரே வேண்டும். கையெழுத்தும் போட்டார். அடுத்த வேலை என்னவென்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. அவருக்கே தெரியாது என்று நினைக்கிறேன்.

தீபாவளி வந்து போய்விட்டது. பதில் இன்னும் வரவில்லை. என் பாஸ்போர்ட்டும் மதுவின் பாஸ்போர்ட்டும் இமிகிரேஷன் அலுவலகத்தில் கிடக்கின்றன. போன் அதிர்ந்தால் இருவரும் ஒரே நேரத்தில் எட்டிப் பார்க்கிறோம். நேற்று அதிர்ந்தது, தம்பி.

"எப்பக்கா ஊருக்கே வரப்போறே?"

மீன் விலையைப் பற்றி நான் பேசவில்லை. "வர எனக்கு இஷ்டமில்லடா," என்றேன். "எனக்கு இங்கதான் இருக்கோணும்."

மது பாத்திரம் கழுவுவதை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தாள்.